மொட்டை மாடியில் எந்தப் படம்? மொக்கைப் படங்களைப் பாசத்தோடு கலாய்க்கும் ஆறு ஸ்பூஃப்கள்

"அண்ணே, வர்ற சனிக்கிழமை பசங்க பத்துப் பேர் வர்றாங்க. மொக்கைப் படத்தைக் கலாய்க்கிற மாதிரி ஒரு படம் சொல்லுங்க." இப்படி அடிக்கடி யாராவது கேட்டுவிடுகிறார்கள். கேட்கிறவர் கையில் ஏற்கெனவே ஒரு பட்டியல் இருக்கும். பட்டியலில் உள்ள எல்லாமே 'செம காமெடி' என்று யாரோ சொன்னவை. எதை முதலில் போடுவது என்பதுதான் குழப்பம்.

குழப்பம் வருவதில் நியாயம் இருக்கிறது. மற்ற நகைச்சுவைப் படங்கள் சொந்தக் காலில் நிற்கும். ஸ்பூஃப் இன்னொரு படத்தின் தோளில் ஏறி உட்கார்ந்திருக்கும். கீழே நிற்கும் ஆளை முன்பின் பார்த்திராதவருக்கு, மேலே இருப்பவர் ஏன் ஆடுகிறார் என்று புரியாது.

நானே பட்டிருக்கிறேன். ஒருமுறை மாடியில் எட்டு முழ வேட்டியைத் திரையாகக் கட்டி, புரொஜெக்டரை வாடகைக்கு எடுத்து, எழுபதுகளின் மலிவு அடிதடிப் படங்களைக் கலாய்க்கும் 'பிளாக் டைனமைட்' போட்டேன். கதாநாயகன் ஆவேசமாக வசனம் பேசிக்கொண்டிருக்கும்போது மேலே தொங்கும் மைக் படத்துக்குள் வந்துவிடுகிறது. அவர் ஓரக்கண்ணால் அதைப் பார்க்கிறார், வசனத்தைத் தொடர்கிறார். நான் விழுந்து விழுந்து சிரித்தேன். பக்கத்தில் இருந்த சித்தப்பா மெதுவாகச் சொன்னார்: "மைக் தெரியுதேப்பா... அந்தப் பையனே பாத்துட்டான் பாரு, பாவம்." அவர் குரலில் கிண்டலே இல்லை, நிஜமான வருத்தம். கொஞ்ச நேரத்தில் வந்த இன்னொரு காட்சிக்குச் சித்தி பிள்ளைகளைக் கையில் பிடித்துக்கொண்டு கீழே இறங்கிப் போய்விட்டார். ஒரே இரவில் இரண்டு தப்பு. படத்தின் மேல் குறை இல்லை. ஆளையும் இடத்தையும் பார்க்காமல் படத்தைத் தேர்ந்தெடுத்தது நான்.

அதனால், படங்களுக்குப் போகும் முன் அளவுகோல்கள்.

## எதை வைத்து எடை போடுவது

முதலில் ஒரு சொல் தகராறைத் தீர்த்துவிடலாம். 'பி கிரேடு' என்றதும் நம் ஊரில் நினைப்பு வேறு பக்கம் போய்விடும். காலைக் காட்சி, பாதி கிழிந்த போஸ்டர். இங்கே சொல்வது அது இல்லை. 1930-களில் அமெரிக்கத் திரையரங்குகளில் ஒரே டிக்கெட்டுக்கு இரண்டு படம் காட்டினார்கள். பெரிய நடிகர்களை வைத்துச் செலவழித்து எடுத்தது ஒன்று. கூடவே, துணி எடுத்தால் கொடுக்கும் மஞ்சப்பை மாதிரி, இன்னொரு சின்னப் படம். அந்தச் சின்னதுதான் பி-படம். பிற்பாடு அந்த ஏற்பாடு ஒழிந்துபோனாலும் பெயர் நின்றுவிட்டது. சில்லறைக் காசில், சில நாளில் எடுத்த பேய்ப் படம், வேற்றுக்கிரகப் படம், அடிதடிப் படம் எல்லாவற்றுக்கும் அதுவே பெயராயிற்று.

இந்தப் படங்களில் ஏன் சிரிப்பு வருகிறது என்பதற்கு 1953-இல் வந்த 'ரோபாட் மான்ஸ்டர்' நல்ல சாட்சி. இயக்குநர் ஃபில் டக்கருக்கு வேண்டியது ஒரு ரோபாட். அதற்கு உடை செய்யப் பணம் இல்லை. ஆனால் சொந்தமாகக் கொரில்லா உடை வைத்திருந்த ஒரு நடிகரை அவருக்குத் தெரியும். கொரில்லா உடையைப் போட்டுவிட்டு, தலைக்கு மட்டும் கடலில் முங்குகிறவர்கள் போடும் ஹெல்மெட் மாதிரி ஒன்றைக் கவிழ்த்தார்கள். அதுதான் ரோபாட். லாஸ் ஏஞ்சலிஸ் பக்கத்தில் இருக்கும் பிரான்ஸன் கேன்யன் என்ற பாறை இடுக்கில் நான்கே நாளில் படம் முடிந்தது. எட் வுட் எடுத்த 'பிளான் 9 ஃப்ரம் அவுட்டர் ஸ்பேஸ்' இன்னும் ஒரு படி மேலே. அதில் இருக்கும் நட்சத்திரமான பேலா லுகோசி 1956-இல் காலமாகிவிட்டார். கையில் இருந்ததோ அவர் நடித்த சில நிமிடக் காட்சிகள் மட்டும். மீதிக் காட்சிகளில், எட் வுட்டின் மனைவிக்கு முதுகெலும்பு வைத்தியம் பார்த்தவர் கறுப்புப் போர்வையால் மூக்கு வரை மூடிக்கொண்டு நடந்தார். லுகோசியை விட அவர் உயரம் என்பது போர்வைக்குள்ளும் தெரியும்.

சிரிப்பு வருகிறது, சரி. ஆனால் அந்தக் கொரில்லாவுக்குப் பின்னால், 'எப்படியாவது படத்தை முடித்தாக வேண்டும்' என்று நின்ற ஒரு மனிதர் இருக்கிறார். நல்ல ஸ்பூஃபுக்கு அவரைத் தெரிந்திருக்கும். தப்பு எப்படி நடந்தது என்று அறிந்து கலாய்ப்பது ஒன்று, தப்பை மட்டும் சுட்டிக் காட்டிச் சிரிப்பது இன்னொன்று. இதைத்தான் நான் முதல் அளவுகோலாக வைக்கிறேன்: பாசம் இருக்கிறதா?

அடுத்தது முன்கூட்டிப் பார்க்க வேண்டியது எவ்வளவு. கலாய்க்கப்படும் படங்களைப் பார்த்திருக்க வேண்டுமா, அல்லது நேராக உட்காரலாமா? இது யாரும் சொல்லாத செலவு. ஒன்றரை மணி நேரப் படம் என்று நினைத்து உட்காருவோம். அதை ரசிக்க இன்னொரு ஒன்றரை மணி நேரம் முன்பே செலவழித்திருக்க வேண்டும் என்று பாதியில்தான் தெரியும்.

மூன்றாவது சிரிப்பு எங்கே இருக்கிறது, வசனத்திலா, காட்சியிலா? வசனத்தில் இருந்தால் ஆங்கிலத்தின் தொனி பிடிபட வேண்டும். சப்டைட்டிலில் தொனி வராது. நான்காவது, பக்கத்தில் யார் உட்கார்ந்திருக்கிறார்கள். நீளத்தைத் தனி அளவுகோலாகச் சொல்ல வேண்டியதில்லை, கீழே எண்ணாகவே இருக்கிறது.

| படம் | நீளம் | முன்கூட்டிப் பார்க்க வேண்டுமா? | வசனச் சுமை | பிள்ளைகளோடு? |
|---|---|---|---|---|
| தி லாஸ்ட் ஸ்கெலிட்டன் ஆஃப் கடாவ்ரா (2001) | 90 நிமிடம் | ஒரு படமாவது | மிக அதிகம் | தாராளமாக |
| பிளாக் டைனமைட் (2009) | 84 நிமிடம் | கட்டாயம் | நடுத்தரம் | கூடவே கூடாது |
| கிரைண்ட்ஹவுஸ் (2007) | 191 நிமிடம் | தெரிந்தால் நல்லது | முதல் பாதி குறைவு, பின்பாதி அதிகம் | கூடவே கூடாது |
| குங் ஃப்யூரி (2015) | 31 நிமிடம் | வேண்டாம் | குறைவு | வளர்ந்த பிள்ளைகள் மட்டும் |
| இரும்புக்கோட்டை முரட்டு சிங்கம் (2010) | பாட்டோடு முழு நீளம் | அப்பா பார்த்திருப்பார் | தமிழ்தானே | சரி |
| ஒன் கட் ஆஃப் தி டெட் (2017) | 96 நிமிடம் | வேண்டாம் | குறைவு | வளர்ந்த பிள்ளைகள் மட்டும் |

ஆறுக்குள் வராத இரண்டைப் பற்றியும் ஒரு வார்த்தை, கேட்பீர்கள் என்பதால். 'ஷார்க்நேடோ' (2013) வேண்டுமென்றே மொக்கையாக எடுத்தது. சூறாவளியில் சுறா மீன் பறக்கிறது என்ற ஒரு வரிக்குச் சிரித்துவிட்டு டிவியை அணைத்துவிடலாம். தப்பு செய்கிற மாதிரி நடிப்பவரைப் பார்த்து எத்தனை நேரம் சிரிப்பது? 'அட்டாக் ஆஃப் தி கில்லர் டொமேட்டோஸ்' (1978) அப்படி இல்லை, எண்ணம் நல்ல எண்ணம்தான். தக்காளி ஆளைக் கொல்கிறது, படை திரள்கிறது. ஆனால் படம் இழுவை. அதில் உருப்படியான காட்சி, ஹெலிகாப்டர் ஒன்று தரையில் இடித்து உருண்டு தீப்பிடிக்கும் இடம். அது எழுதப்பட்ட காட்சி இல்லை, வாடகை ஹெலிகாப்டர் நிஜமாகவே விழுந்துவிட்டது. நல்லவேளையாக உள்ளே இருந்தவர்கள் பிழைத்தார்கள். கேமரா ஓடிக்கொண்டிருந்தது, அதையும் படத்தில் சேர்த்துவிட்டார்கள். ஹெலிகாப்டரின் விலை சுமார் 60,000 டாலர் என்கிறார்கள். இந்த ஒரு காட்சியைத் தேடிப் பார்த்தால் போதும்.

## தி லாஸ்ட் ஸ்கெலிட்டன் ஆஃப் கடாவ்ரா: காது உள்ளவர்களுக்கு

லாரி பிளமைர் எழுதி, இயக்கி, தானே விஞ்ஞானி நாயகனாக நடித்த கறுப்பு வெள்ளைப் படம். 1950-களின் வேற்றுக்கிரகப் படங்களை அச்சு அசலாக நகல் எடுக்கிறது. விண்கல்லைத் தேடி மலைக்கு வரும் விஞ்ஞானி, அவர் மனைவி, அதே கல்லைத் தேடும் வேற்றுக்கிரகத் தம்பதி, எலும்புக்கூட்டுக்கு உயிர் கொடுக்கத் துடிக்கும் கெட்ட விஞ்ஞானி. நான்கு காட்டு விலங்குகளைக் கலந்து உருவாக்கிய ஒரு பெண்ணும் உண்டு. ரோபாட் மான்ஸ்டரை எடுத்த அதே பிரான்ஸன் கேன்யன் இங்கேயும் வருகிறது. பாசம் என்று சொன்னேனே, அது இதுதான். குலதெய்வக் கோயிலுக்குப் போகிற மாதிரி, அந்தப் பாறைக்கே போய் எடுத்திருக்கிறார்கள்.

எலும்புக்கூடு நடக்கும்போது அதைத் தூக்கிப் பிடிக்கும் கம்பி தெரியும். ஆனால் படத்தின் நிஜமான விளையாட்டு வசனத்தில் நடக்கிறது. அந்தக் காலத்து அவசரத் திரைக்கதைகளில் பாத்திரங்கள் சொன்னதையே திருப்பிச் சொல்வார்கள். எதிரில் இருப்பவருக்குத் தெரிந்த சங்கதியையே அவருக்கு விளக்குவார்கள், விஞ்ஞானம் என்ற வார்த்தையைப் போட்டு எதையும் சமாளிப்பார்கள். பிளமைர் அந்தத் தொனியை ஒரு சுருதி பிசகாமல் பிடித்திருக்கிறார். நடிகர்கள் ஒருவர்கூடக் கண்ணடிக்கவில்லை. 'நாங்கள் கிண்டல் செய்கிறோம், சிரியுங்கள்' என்று யாரும் சைகை காட்டுவதில்லை. நம் மேடையில் பழைய ராஜா-ராணி நாடகத்தை எடுத்துக்கொண்டு, கடைசி வரை சிரிக்காமல் நடிக்கும் மிமிக்ரிக்காரரை நினைத்துக்கொள்ளுங்கள்.

மறைந்திருக்கும் செலவும் அங்கேதான் இருக்கிறது. ஆங்கில வசனத்தின் அசட்டுத்தனம் காதில் விழாவிட்டால், தொண்ணூறு நிமிடமும் நான்கு பேர் ஒரு மலையில் மெதுவாகப் பேசிக்கொண்டிருப்பதாகவே தோன்றும். பத்துப் பேர் கூடி, சிப்ஸ் பாக்கெட் சரசரக்கும் இடத்தில் இது எடுபடாது. இரண்டு மூன்று பேர், பழைய ஆங்கிலப் படம் பார்த்துப் பழகியவர்கள், மழை பெய்கிற ஞாயிற்றுக்கிழமை என்றால் இதை விட நல்ல தேர்வு இல்லை. பிள்ளைகள் இருந்தாலும் பயம் இல்லை. முகம் சுளிக்க எதுவும் கிடையாது. எலும்புக்கூடு வரும்போதெல்லாம் அவர்கள் நம்மை விட அதிகமாகவே சிரிப்பார்கள்.

## பிளாக் டைனமைட்: வீட்டுப்பாடம் செய்தவர்களுக்கு

சித்தப்பா கதையால் இந்தப் படத்தைத் தள்ளிவைத்துவிடாதீர்கள். ஆறில் ரொம்ப நுட்பமானது இதுதான் என்பது என் கட்சி. ஆனால் பாடத்தைப் படிக்காமல் பரீட்சைக்குப் போகக் கூடாது.

1971-இல், கறுப்பினத் துப்பறிவாளரை நாயகனாக வைத்து வந்த 'ஷாஃப்ட்' ஓடிய ஓட்டத்தில், அமெரிக்கத் தயாரிப்பாளர்களுக்கு ஒன்று புரிந்தது. நகரத்துக் கறுப்பின ரசிகர்கள் தங்கள் ஆளைத் திரையில் நாயகனாகப் பார்க்கக் காத்திருக்கிறார்கள். வரிசையாகப் படங்கள் வந்தன. சிலவற்றில் பணம் இருந்தது, பலவற்றில் இல்லை. 'பிளாக்ஸ்ப்ளாய்டேஷன்' என்று அந்த அலைக்குப் பெயர். அதில் பணம் இல்லாத கோஷ்டியின் ராஜா, 1975-இல் வந்த 'டாலமைட்'. மேடை நகைச்சுவைக் கலைஞர் ரூடி ரே மோர் தன் சொந்தக் காசைப் போட்டு நடித்தது. குங்ஃபூ தெரியாதவர் குங்ஃபூ சண்டை போடுவார். அப்புறம் அந்தப் புகழ்பெற்ற மைக், காட்சிக்குக் காட்சி மேலிருந்து எட்டிப் பார்க்கும்.

இந்த மைக் விஷயத்தில் ஒரு சங்கதி இருக்கிறது. அந்தக் காலத்தில் இப்படி எடுத்த படங்களைத் திரையரங்கில் காட்டும்போது சட்டகத்தின் மேலேயும் கீழேயும் கொஞ்சம் மறைத்துத்தான் ஓட்டுவார்கள். அந்த மறைப்புக்குள் மைக் அடங்கிவிடும் என்று நம்பித்தான் எடுப்பார்கள். பிற்பாடு வீடியோ கேசட்டுக்கு மாற்றியபோது மறைப்பை எடுத்துவிட்டு முழுச் சட்டகத்தையும் திறந்துவிட்டார்கள், மைக் வெளியே வந்துவிட்டது. டாலமைட்டின் மானத்தை வாங்கிய மைக்கில் பெரும்பங்கு கேசட் போட்டவர்களின் கைங்கரியம். பிற்பாடு வந்த புளூ-ரே பதிப்பில் சரியான அளவில் ஒரு பிரதியும், மைக் தெரிகிற பழைய அளவில் இன்னொரு பிரதியும் சேர்த்தே கொடுத்தார்கள். இது தெரிந்த பிறகு 'பிளாக் டைனமைட்'டின் மைக் காட்சியைப் பாருங்கள். சித்தப்பா சொன்ன 'பாவம்' என்ற சொல்கூட வேறு மாதிரி கேட்கும்.

மைக் ஒன்று மட்டும் இல்லை. துணை நடிகர் ஒருவர் அடைப்புக்குறிக்குள் இருக்கும் நடிப்புக் குறிப்பையும் வசனத்தோடு சேர்த்துப் படித்துவிடுவார். ஒரு சண்டையில் அடி நிஜமாகவே பட்டு ஒருவர் கோபப்படுவார். அடுத்த ஷாட்டில் அதே இடத்தில் வேறு ஒருவர் நின்று சண்டையைத் தொடர்வார், யாரும் எதுவும் சொல்ல மாட்டார்கள். படத்தை சூப்பர் 16 என்ற சின்ன அளவு பிலிமில் எடுத்திருக்கிறார்கள். அதனால் நிறமும் புள்ளியும் எழுபதுகளின் பிரிண்ட் போலவே இருக்கும். நாயகன் மைக்கேல் ஜே வைட் நிஜமான தற்காப்புக் கலைக்காரர். நன்றாகச் சண்டை போடத் தெரிந்தவர், கொஞ்சம் தடுமாறுகிற படத்துக்குள் நின்று சண்டை போடுகிறார். அந்த முரண் ரொம்ப அழகு.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். இயக்குநர் ஸ்காட் சாண்டர்ஸ், நாயகன், அவர்களோடு சேர்ந்து எழுதிய பைரன் மின்ஸ் மூவரும் கறுப்பினத்தவர். தங்கள் வீட்டு ஆல்பத்தைப் புரட்டித் தாங்களே சிரிக்கிறார்கள். அந்தப் பின்னணி தெரியாமல் உட்கார்ந்தால் நம் ஊர்க் கூட்டம் சுருள் முடியையும் உடையையும் பார்த்துத்தான் சிரிக்கும். அது வேறு சிரிப்பு, எனக்கு அதில் உடன்பாடு இல்லை.

ஆக, செலவுக் கணக்கு: படம் 84 நிமிடம், முன்பே 'டாலமைட்' அரை மணி நேரமாவது. அதற்குப் பொறுமை இல்லாதவர்கள், எடி மர்ஃபி ரூடி ரே மோராக நடித்து 2019-இல் வந்த 'டாலமைட் இஸ் மை நேம்' பார்க்கலாம். அது தனியாகவே நல்ல படம். ஆடையில்லாக் காட்சியும் கெட்ட வார்த்தையும் நிறைய. நண்பர்கள் மட்டும், கதவு சாத்திய அறை, வீட்டுப்பாடம் முடித்த கூட்டம் என்றால் கண்ணை மூடிக்கொண்டு இதைப் போடலாம்.

## கிரைண்ட்ஹவுஸ்: இரவு முழுக்கக் கையில் இருப்பவர்களுக்கு

ராபர்ட் ரோட்ரிகஸின் 'பிளானட் டெரர்', குவென்டின் டாரன்டினோவின் 'டெத் ப்ரூஃப்' இரண்டையும் சேர்த்து ஒரே டிக்கெட்டில் இரட்டைப் படமாக 2007-இல் அமெரிக்காவில் வெளியிட்டார்கள். நடுநடுவே, எடுக்கப்படாத படங்களுக்குப் போலி ட்ரெய்லர்கள் வேறு.

டூரிங் டாக்கீஸில் படம் பார்த்தவர்களுக்கு இதன் சுகம் உடனே புரியும். பிரிண்ட் முழுக்கக் கோடு விழுந்திருக்கும், திடீரென்று நிறம் வெளுக்கும், ஒட்டிய இடத்தில் படம் குதிக்கும். 'பிளானட் டெரர்' படத்தில் ஒரு நெருக்கமான காட்சி சூடு பிடிக்கும் நேரத்தில் பிலிம் கருகி, 'ஒரு ரீல் காணவில்லை' என்று அட்டை விழும். திரும்பி வரும்போது கட்டடம் தீப்பற்றி எரிந்துகொண்டிருக்கும். அதுவரை நாயகனைச் சந்தேகித்த ஷெரீஃப், ரகசியத்தைச் சொன்னதற்கு நன்றி சொல்லிக்கொண்டிருப்பார். அந்த ரகசியம் காணாமல்போன ரீலில் இருக்கிறது, நமக்குக் கடைசி வரை கிடையாது. ஆபரேட்டர் ஒரு ரீலை விழுங்கிவிட்டு அடுத்ததை மாட்டிய ராத்திரிகளில், 'கல்யாணம் எப்ப ஆச்சு?' என்று பக்கத்தில் கேட்ட அனுபவம் இருந்தால் இந்த இடத்தில் கைதட்டுவீர்கள்.

ஆனால் எனக்கு இதில் ஒரு நெருடல். படத்துக்கு ஐம்பது மில்லியன் டாலருக்கு மேல் செலவு. அமெரிக்க வசூல் 25 மில்லியன் சொச்சம். கோடு விழுந்த பிலிம், உதிர்ந்த ரீல் எல்லாம் காசு கொடுத்துச் செய்த அழுக்கு. புது ஜீன்ஸைக் கிழித்து விற்கிற மாதிரி. பாசம் இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் கொரில்லா உடையோடு நின்ற மனிதரின் தவிப்பு இதில் இல்லை.

மறைந்த செலவு, பதிப்பு. பல நாடுகளில் இரண்டையும் பிரித்துத் தனித்தனிப் படமாகவே வெளியிட்டார்கள். தனித்தனியாக எடுத்தால் நடுவில் வரும் போலி ட்ரெய்லர்களின் ஆட்டம் போய்விடும். 'மச்செட்டி' என்ற போலி ட்ரெய்லர் 2010-இல் நிஜப் படமாகவே வந்தது என்றால் அந்த ட்ரெய்லர்கள் எவ்வளவு முக்கியம் என்று பாருங்கள். முழுப் பதிப்பு கிடைத்தால் மட்டும் போடுங்கள். இரண்டாவது படம் பாதி வரை பேச்சாகவே போகும். இரவு பத்து மணிக்கு ஆரம்பித்தால் அந்த இடத்தில் பாதிக் கூட்டம் தூங்கியிருக்கும். ஏழு மணிக்கே ஆரம்பித்து, நடுவில் பரோட்டா வாங்கிவரச் சொல்லிவிடுங்கள். ரத்தம், சதை எல்லாம் தாராளம். சாப்பாட்டை 'பிளானட் டெரர்' முடிந்த பிறகு பிரிப்பது உத்தமம்.

## குங் ஃப்யூரி: அரை மணி நேரம் மட்டும் இருப்பவர்களுக்கு

சுவீடன்காரர் டேவிட் சாண்ட்பெர்க் எடுத்த 31 நிமிடப் படம். எண்பதுகளின் வீடியோ கேசட் அடிதடிப் படங்களின் கேலி. மயாமி போலீஸ்காரன் ஒருவன் ஹிட்லரைப் பிடிக்கக் காலத்தில் பின்னோக்கிப் போகிறான், வழியில் டைனோசரும் வைக்கிங் வீரர்களும் வருகிறார்கள். கதை என்று இதற்கு மேல் கேட்காதீர்கள்.

கிக்ஸ்டார்ட்டர் என்ற இணையதளம் வழியாக மக்களிடம் வசூலித்தது 6,30,019 டாலர். அலுவலக அறையில் பச்சைத் துணி கட்டி, பெரும்பகுதியைக் கணினியில் சேர்த்தார்கள். போலீஸ் நிலையத்தில் கூட்டமாகக் காவலர்கள் தெரிவார்கள் இல்லையா? கையில் இருந்தது ஒரே ஒரு சீருடை. ஒவ்வொருவராக அதை மாட்டிக்கொண்டு வந்து நிற்க, தனித்தனியாக எடுத்து ஒட்டியிருக்கிறார்கள். பி-படம் எடுத்தவர்களின் நேர் வாரிசு என்று சொல்ல இந்தச் சீருடை போதும்.

சண்டை நடுவில் படம் அலைபாய்ந்து கோடு கோடாகிவிடும். கோடு போவதற்காக வீடியோ டெக்கில் டிராக்கிங் திருகியவர்களுக்குக் கை தானாக எழும். மற்றவர்களுக்கு அது வெறும் கோளாறு. யூடியூபில் இலவசமாகவே வெளியிட்டார்கள் என்பதால் காசு நஷ்டம் கிடையாது. வேகமும் அதிகம், ஒரு சிரிப்பு தவறினால் அடுத்தது வந்துவிடும். ஆனால் இதை மட்டும் போட்டால் ஒரு மாலை நிறையாது. மெயின் படத்துக்கு முன்னால் சூடேற்ற நல்லது.

## இரும்புக்கோட்டை முரட்டு சிங்கம்: அப்பாவும் கூட உட்காரும்போது

பட்டியலில் இதைப் பார்த்துச் சிலர் புருவம் உயர்த்தலாம். ஆனால் நம் ஊருக்கும் ஒரு பி-பட மரபு உண்டு. எழுபதுகளின் தொடக்கத்தில் ஒளிப்பதிவாளர்-இயக்குநர் கர்ணன், ஜெய்சங்கரை வைத்துத் தமிழில் கௌபாய் படங்கள் எடுத்தார். 'காலம் வெல்லும்', 'கங்கா', 'ஜக்கம்மா'. குதிரை, தொப்பி, துப்பாக்கி, தூசி. எந்த ஊர், எந்த மாவட்டம் என்றெல்லாம் யாரும் கேட்கவில்லை. ஜெய்சங்கர் சிக்கன பட்ஜெட் படங்களின் செல்லப்பிள்ளை. வாராவாரம் வெள்ளிக்கிழமை அவர் படம் ஒன்று வரும் என்று சொல்லும் அளவுக்கு நடித்தவர். சிம்புதேவன் 2010-இல் எடுத்த படம் அந்த உலகத்தைத்தான் திரும்பக் கட்டுகிறது. கதை நடக்கும் ஊரின் பெயரே ஜெய்சங்கர்புரம். வில்லன் நாசரின் பெயர் கிழக்குக்கட்டை. ஹாலிவுட் கௌபாய் நாயகன் கிளின்ட் ஈஸ்ட்வுட்டின் பெயரைத் தமிழாக்கிப் பாருங்கள். சிவகாசியிலிருந்து வந்த லயன், முத்து காமிக்ஸில் கௌபாய் கதை படித்து வளர்ந்தவர்கள் இந்த ஒரு பெயருக்கே டிக்கெட் காசு சரியாகிவிட்டது என்பார்கள்.

குறையும் உண்டு. பாட்டுகள் வேகத்தை உடைக்கின்றன. செவ்விந்தியர் வேடங்களைப் பார்த்து அன்று சிரித்த மாதிரி இன்று சிரிக்க முடியவில்லை. செட் எல்லாம் கர்ணன் கனவிலும் கண்டிராத அளவுக்குப் பெரிசு. ஆனால் மற்ற ஐந்தில் எதுவும் தராத ஒன்றை இது தரும். இங்கே முன்கூட்டிப் படம் பார்த்தவர் வீட்டிலேயே இருக்கிறார். படத்தை நடுவில் நிறுத்தி, "இதே மாதிரி ஒரு படத்துல ஜெய்சங்கர் என்ன பண்ணுவார் தெரியுமா" என்று அப்பா ஆரம்பிப்பார். நிறுத்தவிடுங்கள். அந்தக் கதை படத்தை விட நன்றாக இருக்க வாய்ப்பு உண்டு.

## ஒன் கட் ஆஃப் தி டெட்: எதையும் பார்த்திராதவர்களுக்கு

இதைப் பற்றி அதிகம் சொல்வது பாவம். முடிந்தவரை சுற்றி வளைத்துச் சொல்கிறேன்.

ஜப்பானின் ஷினிச்சிரோ உவேடா எடுத்தது. பெயர் தெரிந்த நடிகர் எவரும் கிடையாது. செலவு சுமார் 30 லட்சம் யென். 2018-இல் முதலில் இரண்டே திரையரங்குகளில் வெளியானது. வாய்வழியாகப் பரவி, பிறகு நூற்றுக்கணக்கான அரங்குகளுக்குப் போய், 300 கோடி யென்னுக்கு மேல் வசூலித்தது. போட்டதைப் போல ஆயிரம் மடங்கு.

பாழடைந்த கட்டடம் ஒன்றில் ஒரு குழு மலிவான ஜாம்பி படம் எடுக்கிறது, அங்கே நிஜ ஜாம்பிகள் வந்துவிடுகின்றன. தொடக்கத்தில் 37 நிமிடம் ஒரே ஷாட், வெட்டே கிடையாது. பார்க்கும்போது ஏதோ சரியில்லை என்று தோன்றிக்கொண்டே இருக்கும். நடிகர்கள் சம்பந்தமில்லாமல் அமைதியாகி, ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பார்கள். சம்பந்தமில்லாத பேச்சு நீண்டுகொண்டே போகும். கேமரா கண்ணாடியில் ரத்தம் தெறிக்கும், எங்கிருந்தோ ஒரு கை வந்து துடைத்துவிட்டுப் போகும். அந்தக் கையைக் கவனித்து வையுங்கள், இப்போதைக்கு அவ்வளவுதான்.

மற்ற ஸ்பூஃப்களை ரசிக்க வேறு படங்களைப் பார்த்திருக்க வேண்டும். இதற்கு வேண்டிய மூலப்படம் இதற்குள்ளேயே இருக்கிறது. முன்னறிவு பூஜ்யமாக இருந்தாலும் எல்லோரும் ஒரே கோட்டிலிருந்து ஓடுகிறார்கள். ஜப்பானிய மொழி என்பதால் சப்டைட்டில் எல்லோருக்கும் பொது, ஆங்கிலத் தொனி தெரிந்தவர் தெரியாதவர் என்ற பிரிவினை இல்லை. பின்பாதிச் சிரிப்பில் பெரும்பகுதி கண்ணாலேயே பிடிபடும். ரத்தம் உண்டு என்றாலும் பொம்மைக் கடை ரத்தம். எதுவும் தெரியாத பத்துப் பேர் கூடுகிற சனிக்கிழமைக்கு நான் இதைத்தான் சொல்வேன். முன்னால் 'குங் ஃப்யூரி' போட்டுச் சூடேற்றிவிட்டு இதற்குப் போகலாம்.

செலவு ஒன்று இருக்கிறது, அது பொறுமை. முதல் 37 நிமிடமும் ஒரு சாதாரண மொக்கை ஜாம்பி படம் பார்க்கிற உணர்வுதான் வரும். கூட்டம் நெளியும். ஒருவர் போனை எடுப்பார். "என்னடா படம் இது, வேற போடு" என்று ஒரு குரல் நிச்சயம் வரும். அதற்குள் படம் முடிந்த மாதிரி எழுத்துகள் வேறு ஓட ஆரம்பிக்கும். யாராவது எழுந்து லைட் போடப் போவார். புரொஜெக்டர் ரிமோட்டை நீங்களே மடியில் வைத்துக்கொள்ளுங்கள், ஸ்விட்ச் போர்டு பக்கத்தில் உட்காருங்கள். எழுந்தவரைக் கையைப் பிடித்து உட்கார வையுங்கள். ஏன் என்று கேட்டால் சொல்லாதீர்கள்.